வேறு கடையில் வாங்கிய நிச்சயதார்த்த மோதிரத்தை இன்னொரு கடையில் பழுதுபார்க்கக் கொடுக்கலாமா?

கேள்வி இதுதான். இரண்டு வருடத்துக்கு முன் வாங்கிய நிச்சயதார்த்த மோதிரம். வெள்ளைத் தங்கம், நடுவில் ஒரு வைரம், இரண்டு பக்கமும் வரிசையாகப் பொடிக்கற்கள். இப்போது நடுக்கல்லைப் பிடித்திருக்கும் கவ்வி ஒன்று துணியில் மாட்டி இழுக்கிறது, மோதிரமும் விரலுக்குக் கொஞ்சம் இறுக்கமாகிவிட்டது. வாங்கிய கடை தொலைவில் இருக்கிறது. பக்கத்தில் உள்ள வேறொரு நகைக்கடையில் கொடுத்தால் செய்வார்களா, பழைய கடையின் வாரண்டி போய்விடுமா, கல்லை மாற்றிவிட மாட்டார்களா?

கொடுக்கலாம். நல்ல பட்டறை எதுவும் இன்னொருவர் செய்த மோதிரத்தைச் சரிசெய்யத் தெரிந்ததுதான். நான் கல் பதிக்கும் வேலையில் பல வருடம் இருந்தவன். என் மேஜைக்கு வந்த மோதிரங்களில் பாதிக்கு மேல் நாங்கள் விற்றவை அல்ல. ஆனால் எந்த வேலையை வெளியில் கொடுப்பது, எதைக் கொடுக்கும் முன் யோசிப்பது என்பதில் ஒரு கணக்கு இருக்கிறது. அதை விரிவாகச் சொல்கிறேன்.

அதற்கு முன், இன்றைக்கே செய்ய வேண்டியது ஒன்று. கவ்வி துணியில் மாட்டுகிறது என்றால் அதன் நுனி தூக்கியிருக்கிறது அல்லது தேய்ந்து கூர்மையாகியிருக்கிறது. மோதிரத்தைக் காதருகே பிடித்து விரலால் லேசாகத் தட்டிப் பாருங்கள். மெல்லிய கிடுகிடுச் சத்தம் கேட்டால் ஏதோ ஒரு கல் ஆடுகிறது. சத்தம் கேட்டாலும் கேட்காவிட்டாலும் மோதிரத்தைக் கழற்றி, மூடி ஒட்டும் சின்னப் பிளாஸ்டிக் பையில் போட்டு வைத்துவிடுங்கள். கல் விழுந்தாலும் பைக்குள்ளேயே கிடக்கும். நான்கு கவ்வி உள்ள மோதிரத்தில் ஒன்று போனாலே கல்லைக் காப்பாற்றுவது கஷ்டம். ஆறு இருந்தால் கொஞ்சம் அவகாசம் கிடைக்கும், அவ்வளவுதான். 1886-இல் டிஃபனி அறிமுகப்படுத்திய ஆறு கவ்வி அமைப்பு இன்றுவரை நிலைத்திருப்பதற்கு அந்தப் பிடிப்பும் ஒரு காரணம் என்பது என் எண்ணம்.

இனி விஷயத்துக்கு வருவோம். மோதிரத்துக்குச் செய்யும் வேலைகளை நான் மூன்றாகப் பிரித்துப் பார்ப்பேன்: பார்ப்பது மட்டும், நெருப்பு படாத வேலை, நெருப்பு படும் வேலை. லூப் என்ற உருப்பெருக்கிக் கண்ணாடியில் பார்த்துச் சொல்வதும் சுத்தம் செய்வதும் முதல் வகை. தூக்கிய கவ்வியைக் கல்லின்மேல் திரும்பப் படிய வைப்பது, ஆடும் பொடிக்கல்லை இறுக்குவது, கூர்மையான நுனியை உருட்டி விடுவது இரண்டாவது வகை. தேய்ந்த கவ்விக்குப் புது உலோகம் சேர்ப்பது, கல் இருக்கும் தலைப்பகுதியையே மாற்றுவது, வளையத்தை அறுத்துப் பெரிதாக்குவது, விரிசலை ஒட்டுவது எல்லாம் மூன்றாவது வகை. முதல் வகையை எந்தக் கடையிலும் தயங்காமல் செய்துகொள்ளலாம், பல இடங்களில் காசு கூட வாங்க மாட்டார்கள். மூன்றாவது வகைதான் முக்கியமாக வாரண்டியைப் பாதிக்கும், கல்லைப் பாதிக்கும், யாரிடம் கொடுக்கிறோம் என்று யோசிக்க வைக்கும். உங்கள் மோதிரத்துக்குக் கவ்வி வேலை இரண்டாவது வகையிலேயே முடியலாம். சைஸ் வேலை கட்டாயம் மூன்றாவது.

வாரண்டியைப் பற்றி முதலில். வாங்கியபோது கொடுத்த தாளை எடுத்து முழுவதும் படியுங்கள். "ஆயுள் முழுக்க இலவசப் பராமரிப்பு" என்ற பெரிய எழுத்துக்குக் கீழே பொதுவாக இரண்டு நிபந்தனைகள் இருக்கும். ஒன்று, குறிப்பிட்ட இடைவெளியில், பெரும்பாலும் ஆறு மாதத்துக்கு ஒருமுறை, மோதிரத்தை அவர்களிடம் காட்டிப் பதிவு செய்ய வேண்டும். இன்னொன்று, வேறு யாரும் அதில் வேலை செய்திருக்கக் கூடாது. இரண்டு வருடமாக நீங்கள் ஒருமுறைகூடக் காட்டவில்லை என்றால் அந்த வாரண்டி ஏற்கெனவே முடிந்திருக்க வாய்ப்பு உண்டு. இல்லாத வாரண்டியைக் காப்பாற்றுவதற்காக ஆடும் கல்லோடு காத்திருந்து கல்லையே தொலைத்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். மனதுக்கு மிகவும் கஷ்டமாக இருக்கும்.

ஆகவே பழைய கடைக்கு ஒரு மின்னஞ்சல் போடுங்கள். தொலைபேசியில் கேட்டால் பதில் காற்றோடு போய்விடும், எழுத்தில் கேளுங்கள். வாரண்டி இன்னும் இருக்கிறதா, இருந்தால் எது வரை? வேறு கடையில் சோதித்துச் சுத்தம் செய்தால் பாதிக்குமா? கவ்வி இறுக்கினால்? சைஸ் மாற்றினால்? இந்த நான்கும் தனித்தனிக் கேள்விகள். "வெளியில் கொடுக்கலாமா" என்று மொத்தமாகக் கேட்டால் "கூடாது" என்றுதான் பதில் வரும். கூடவே விலைச்சீட்டின் நகல், கல்லின் சான்றிதழ் எண், இதுவரை அவர்கள் செய்த வேலைகளின் பதிவு ஆகியவற்றையும் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். இந்தத் தாள்கள் புதுக் கடைக்காரருக்கு மிகவும் உதவும். காப்பீட்டோடு மோதிரத்தை அனுப்பி வைக்க வழி உண்டா, உங்கள் பகுதியில் அவர்கள் சார்பாக வேலை செய்யும் பட்டறை இருக்கிறதா என்றும் கேட்டுவிடலாம். சில கடைகள் இரண்டுக்கும் ஏற்பாடு வைத்திருப்பார்கள்.

மோதிரத்துக்குத் தனியாக இன்ஷூரன்ஸ் எடுத்திருந்தால் அது வேறு விஷயம். கடை வாரண்டியும் இன்ஷூரன்ஸும் ஒன்றல்ல. தேய்மானத்தை இன்ஷூரன்ஸ் பெரும்பாலும் ஏற்காது, தொலைந்ததையும் திருடுபோனதையும்தான் பார்க்கும். கல் ஆடுவது தெரிந்தும் போட்டுக்கொண்டிருந்தீர்கள் என்று தெரிந்தால் கேள்வி எழலாம். பழுதுபார்க்கக் கொடுத்த இடத்தில் நகை தொலைந்தால் உங்கள் பாலிசி தாங்குமா என்பதையும் ஒருமுறை பார்த்து வையுங்கள்.

சில மோதிரங்களை வாங்கிய கடைக்கே, அல்லது செய்த நிறுவனத்துக்கே அனுப்புவது நல்லது. வாங்கிக் கொஞ்ச நாளிலேயே கல் ஆடினால் அது செய்த குறை, அவர்கள்தான் காசு வாங்காமல் சரிசெய்ய வேண்டும். அதை வெளியில் கொடுத்துவிட்டால் அந்த உரிமையை நீங்களே விட்டுக்கொடுத்ததாகிவிடும். கவ்வியே இல்லாமல் வளையத்தின் இரண்டு முனைகளும் அழுத்திப் பிடிப்பதால் மட்டும் கல் நிற்கும் மோதிரங்கள் உண்டு. அவற்றின் அழுத்தக் கணக்கு செய்தவருக்குத்தான் தெரியும். சைஸ் மாற்ற வளையத்தை அறுத்தால் கல்லைப் பிடிக்கும் விசையே போய்விடும். பெயர் பெற்ற பிராண்டு மோதிரமும் அப்படித்தான். வெளியாள் கை வைத்த மோதிரத்தைப் பிறகு தொட மறுப்பார்கள் என்றால் அதன் மறுவிற்பனை மதிப்பும் குறையும். உங்கள் மோதிரம் இந்த மூன்றிலும் சேராது என்று நினைக்கிறேன்.

இப்போது நெருப்பு படும் வேலை. மோதிரம் யாருடையது என்பதைவிட இதைத்தான் நான் பெரிதாக நினைப்பேன். தங்கத்தைப் பற்றவைக்கும் பற்றாசு உருகி ஓட 700 டிகிரியை ஒட்டிய சூடு வேண்டும். வைரம் உலகத்திலேயே கடினமான கல்லாக இருக்கலாம், கடினத்தைச் சொல்லும் மோஸ் அளவில் 10. ஆனால் அதுவும் கரிதானே. காற்றுபட 800 டிகிரி போலச் சூடேறினால் மேற்பரப்பு வெந்து, பால் படிந்ததுபோல் மங்கிவிடும். அதனால்தான் பட்டறையில் சூடு போடும் முன் மோதிரத்தை போரிக் அமிலம் கலந்த ஆல்கஹாலில் முக்கி எடுத்துப் பற்றவைத்துவிடுவோம். ஆல்கஹால் எரிந்து போய், கல்லின்மேல் வெள்ளையாக ஒரு பூச்சு நிற்கும். காற்று கல்லைத் தொடாமல் அது பார்த்துக்கொள்ளும். வேலை முடிந்ததும் மோதிரத்தை அப்படியே தண்ணீரில் போடக் கூடாது, தானாக ஆற விட வேண்டும். சூட்டோடு நனைத்தால் கல்லில் விரிசல் விழலாம். இதெல்லாம் நல்ல தொழிலாளி யோசிக்காமலே செய்வது. ஆனால் அவர் கையில் இருப்பது வைரம்தானா என்று அவருக்கு முதலில் தெரிய வேண்டும்.

வைரத்திலும் எல்லாம் ஒன்றல்ல. விரிசலைக் கண்ணாடி போன்ற பொருளால் நிரப்பி அழகாக்கிய வைரங்கள் இருக்கின்றன. சூடு பட்டால் உள்ளே நிரப்பியது வெளியேறி, மறைந்திருந்த விரிசல் முழுக்கத் தெரிந்துவிடும். உங்கள் கல் அப்படிப்பட்டதா என்பது வாங்கிய தாளில் இருக்க வேண்டும், கொடுக்கும்போதே சொல்லிவிடுங்கள். மாணிக்கமும் நீலக்கல்லும் இயல்பாகவே சூடு தாங்கும், ஆனால் அவற்றிலும் விரிசல் நிரப்பியவை உண்டு. மரகதத்துக்கு எண்ணெய் ஊட்டியிருப்பார்கள். நெருப்பு மட்டுமில்லை, அல்ட்ராசானிக் தொட்டியில் போட்டுச் சுத்தம் செய்வதே அதற்கு ஆபத்து. ஓப்பல், முத்து, தான்சனைட் மூன்றையும் மோதிரத்திலிருந்து கழற்றாமல் பக்கத்தில் நெருப்பைக் கொண்டுபோகவே கூடாது. நடுக்கல் வைரமாக இருந்து பக்கக் கற்கள் வேறாக இருந்தாலும் இதே கவனம் வேண்டும். பலர் நடுக்கல்லைப் பற்றி மட்டும் சொல்லிவிட்டுப் போய்விடுவார்கள்.

உலோகமும் பேசும். பிளாட்டினம் உருகுவது 1768 டிகிரியில், தங்கம் 1064-இல். பிளாட்டினத்துக்கு வேறு டார்ச், வேறு அரம், வேறு சுத்தம் வேண்டும். தங்கத் துகள் ஒட்டிய கருவியால் பிளாட்டினத்தைத் தொட்டுச் சூடு போட்டால் அந்த இடம் கெட்டுவிடும். எல்லாப் பட்டறையும் பிளாட்டினம் செய்யாது. சில இடங்களில் பிளாட்டின வளையத்தை வெள்ளைத் தங்கப் பற்றாசால் ஒட்டிக் கொடுத்துவிடுவார்கள். கொஞ்ச நாளில் ஒட்டிய இடத்தில் நிறம் மாறி ஒரு கோடு தெரியும். உங்களுடையது வெள்ளைத் தங்கம், அதனால் இந்தக் கவலை இல்லை. ஆனால் வளையத்தின் உள்பக்கம் 750 என்று இருக்கிறதா 585 என்று இருக்கிறதா என்று பார்த்து வையுங்கள். முதலாவது 18 கேரட், இரண்டாவது 14. சேர்க்கும் துண்டும் அதே தரமாக இருக்க வேண்டும்.

நிக்கல் கலந்த வெள்ளைத் தங்கம் கொஞ்சம் முறுக்கான உலோகம். வளைத்து வளைத்து நிமிர்த்தினால் கவ்வி ஒடிந்துபோகும். நீச்சல்குளத்துக் குளோரினும் அதை உள்ளுக்குள் அரிக்கும். மோதிரத்தோடு நீந்தும் பழக்கம் இருந்தால் அதையும் சொல்லுங்கள். அப்போது தொழிலாளி கவ்வியை வெறுமனே அழுத்திவிடாமல் அடியில் மயிரிழை விரிசல் இருக்கிறதா என்று தேடுவார்.

இன்னொரு கடைக்காரர் ஏன் தயங்குவார் என்பதையும் அவர் பக்கத்திலிருந்து பார்க்க வேண்டும். ஒரு சம்பவம். முன்பு ஒருமுறை ஒரு மோதிரம் சைஸ் வேலைக்கு வந்தது. பார்க்கக் குறை எதுவும் இல்லை. அதற்கு முன் எங்கோ, யாரோ வளையத்தை ஈயப் பற்று வைத்து ஒட்டி, மேலே மெருகு போட்டு மறைத்திருக்கிறார்கள். கொடுத்தவருக்கும் அது தெரியாது. சூடு ஏறியதும் ஈயம் தங்கத்துக்குள் இறங்கி, அந்த இடம் முழுக்கக் குழி குழியாக அரித்துவிட்டது. சாமணத்தைப் பிடித்த என் கை அப்படியே நின்றுவிட்டது. அந்தப் பகுதியை வெட்டி எடுத்துப் புது வளையம் வைத்துத்தான் கொடுத்தேன். உரியவரிடம் நடந்ததைச் சொன்னேன், அவர் புரிந்துகொண்டார். அதற்குப் பிறகு ஒட்டுப் போட்ட இடம் இருக்கிறதா என்று பார்க்காமல் வெளிக்கடை மோதிரத்தின் பக்கத்தில் நெருப்பைக் கொண்டுபோனதில்லை. ஆகவே யாராவது "இதை நாங்கள் விற்கவில்லை, முதலில் நன்றாகச் சோதித்துவிட்டுத்தான் சொல்ல முடியும்" என்றால் கோபப்படாதீர்கள். அவரிடம் கொடுக்கலாம். பார்த்த நிமிடமே "அதுக்கென்ன, சாயங்காலம் வாங்க" என்பவரிடம்தான் யோசிக்க வேண்டும்.

கையெழுத்துக் கேட்கும் காகிதம் பற்றியும் இங்கே சொல்லிவிடுகிறேன். "வேலையின்போது கல் உடைந்தால் கடை பொறுப்பல்ல" என்று எழுதி வாங்குவார்கள். மரகதத்துக்கோ, ஏற்கெனவே சிதைந்த கல்லுக்கோ, இந்த இடத்தில் இந்தக் காரணத்தால் ஆபத்து என்று காட்டி எழுதி வாங்கினால் அது நியாயம். குறையில்லாத வைரத்துக்கு, தொலைந்தாலும் உடைந்தாலும் எதற்கும் பொறுப்பில்லை என்று மொத்தமாக எழுதி வாங்கினால் மோதிரத்தை எடுத்துக்கொண்டு வந்துவிடுங்கள்.

சரி, எல்லோர் மனதிலும் இருக்கும் பயத்துக்கு வருவோம்: கல்லை மாற்றிவிடுவார்களா? இந்தத் தொழிலில் ஒருவர் பெயர் ஒருமுறை கெட்டால் அப்புறம் நிற்க முடியாது, அதனால் இது அபூர்வம். ஆனாலும் உங்கள் பயத்தை நான் தவறாகச் சொல்ல மாட்டேன். அந்தக் கல்லில் காசு மட்டுமா இருக்கிறது? பயத்தோடு கொடுப்பதைவிட, மாற்றினால் தெரிந்துவிடும்படி அடையாளத்தைப் பதிவு செய்துவிட்டுக் கொடுப்பது உங்களுக்கும் நல்லது, கடைக்கும் நல்லது.

சான்றிதழ் இருந்தால் அதில் கல்லின் எடை நூறில் ஒரு பங்கு கேரட் வரை இருக்கும். இங்கே ஒரு கேரட் என்பது 0.2 கிராம் எடை, தங்கத்தின் தரத்தைச் சொல்லும் கேரட் வேறு. நீளம், அகலம், உயரம் மில்லிமீட்டரில் இரண்டு புள்ளி வரை இருக்கும். ஒரு கேரட் வட்ட வைரம் ஏறக்குறைய 6.5 மில்லிமீட்டர் விட்டம். பல சான்றிதழ்களில் கல்லுக்குள் இருக்கும் புள்ளி, மேகம், இறகு போன்ற குறைகளை வரைந்தும் காட்டியிருப்பார்கள். அந்த வரைபடம் கல்லின் கைரேகை மாதிரி. பார்க்கத் தெரிந்தவர் உங்களுக்கு ஒரு குறையைக் காட்டி, "இதோ, பெரிய முகத்துக்குக் கீழே இடதுபக்கம் ஒரு கறுப்புப் புள்ளி, பாருங்கள்" என்று சொல்லிக்கொடுத்தால் போதும், வாழ்நாள் முழுக்க உங்கள் கல்லை நீங்களே அடையாளம் காணலாம். குறை இருக்கிறதே என்று வருத்தப்படுகிறவர்கள் உண்டு. எனக்கு அது கல்லின் பெயர் மாதிரிதான் தோன்றும்.

1931-இல் தொடங்கிய, கற்களைச் சோதித்துச் சான்றளிக்கும் அமெரிக்க நிறுவனமான ஜிஐஏ உள்ளிட்ட ஆய்வகங்கள், கல்லின் இடுப்பு விளிம்பில் சான்றிதழ் எண்ணை லேசரால் பொறித்துத் தருவதும் உண்டு. எல்லாக் கல்லிலும் இருக்காது. இருந்தாலும் சில நேரம் கவ்விக்கு அடியில் மறைந்திருக்கும். இருக்கிறதா என்று சான்றிதழிலேயே போட்டிருப்பார்கள். கொடுக்கும்போது கடையில் உள்ள மைக்ரோஸ்கோப்பில் அந்த எண்ணைக் காட்டச் சொல்லுங்கள், திரும்ப வாங்கும்போதும் அதே எண்ணைக் காட்டச் சொல்லுங்கள். இதில் சங்கடப்பட எதுவும் இல்லை. கேட்காமலே காட்டும் கடைகளும் இருக்கின்றன.

பதிவு எதுவும் இல்லாத கல் என்றால், கொடுக்கும் முன்பே தனியாக ஒருவரிடம் மதிப்பீட்டுச் சான்று வாங்குவது நல்லது. மதிப்பிடுபவரும் பழுதுபார்ப்பவரும் வேறு வேறு ஆளாக இருக்கட்டும்.

மோதிரத்தைக் கொடுக்கும் முன்னும் வாங்கும்போதும் எடைபோடச் சொல்வதும் நல்ல வழக்கம். ஆனால் எடையை மட்டும் நம்ப முடியாது. ஒரு கேரட் வைரம் இருந்த இடத்தில் அதே அளவில் வைரம் போலத் தெரியும் செயற்கைக் கல்லான கியூபிக் சிர்கோனியா வைத்தால் எடை 0.14 கிராம் போல ஏறும், நகைத் தராசில் உடனே தெரியும். வைரம் போலத் தெரியும் இன்னொரு கல்லான மாய்சனைட் வைத்தால் 0.02 கிராம்தான் குறையும். மெருகு போட்டதில் குறைந்தது என்று சொன்னால் நம்பிவிடுவீர்கள். சூடு கடத்துவதைப் பார்த்துச் சொல்லும் சாதாரண வைரச் சோதனைப் பேனாவும் மாய்சனைட்டை வைரம் என்றே காட்டும். ஆனால் லூப்பில் சாய்வாகப் பார்த்தால் மாய்சனைட்டின் பின்பக்கக் கோடுகள் இரட்டையாகத் தெரியும். வைரத்தில் அப்படித் தெரியாது. ஆய்வகத்தில் வளர்த்த வைரமா, நிலத்தில் விளைந்ததா என்பதைப் பேனாவும் சொல்லாது, லூப்பும் சொல்லாது. அதற்குத் தனிக் கருவி வேண்டும், அங்கே சான்றிதழும் உள்குறை வரைபடமும்தான் உங்களுக்குத் துணை. பிரகாசமான வெளிச்சத்தில் மேலிருந்தும் பக்கவாட்டிலிருந்தும் மோதிரத்தையும், உள்பக்க முத்திரையையும் உங்கள் கைபேசியில் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

ரசீதில் என்ன எழுத வேண்டும் என்பதில் விட்டுக்கொடுக்காதீர்கள். "வெள்ளைக் கல் மோதிரம் 1" என்று எழுதிக் கொடுத்தால் அந்தத் துண்டுச் சீட்டுக்கு மதிப்பில்லை. உலோகம், தரம், மொத்த எடை, நடுக்கல்லின் வடிவமும் அளவும், சான்றிதழ் எண், பக்கக் கற்களின் எண்ணிக்கை, இப்போது இருக்கும் குறைகள், செய்யப்போகும் வேலை, கட்டணம், தேதி எல்லாம் இருக்க வேண்டும். இருக்கும் குறையை எழுதுவது கடைக்குப் பாதுகாப்பு, இருக்கும் கல்லை எழுதுவது உங்களுக்குப் பாதுகாப்பு. சொன்ன வேலைக்கு மேல் எதுவும் செய்ய வேண்டியிருந்தால் முதலில் உங்களைக் கேட்க வேண்டும் என்று ஒரு வரியும் சேர்க்கச் சொல்லுங்கள்.

கடையைத் தேர்ந்தெடுக்கும்போது நான் கேட்கச் சொல்லும் முதல் கேள்வி: வேலையை யார் செய்வார், எங்கே? பல கடைகளில் விற்பனை மட்டும்தான் நடக்கும், பழுது வெளிப் பட்டறைக்குப் போகும். அது தவறில்லை, ஆனால் வழியில் மோதிரம் யார் பொறுப்பில் இருக்கும், வாடிக்கையாளர் நகைக்குக் காப்பீடு இருக்கிறதா என்று தெரிந்துகொள்ள வேண்டும். முடிந்தால் உள்ளேயே பட்டறை உள்ள இடமாகப் பாருங்கள். வேலை செய்கிறவரிடமே பேசிவிடலாம். லேசர் வெல்டிங் கருவி இருக்கிறதா என்றும் கேளுங்கள். லேசர் ஊசிமுனை அளவு இடத்தில் மட்டும் உலோகத்தை உருக்கும், பக்கத்தில் இருக்கும் கல்லுக்குச் சூடு போகாது. உங்களுடையது போலப் பொடிக்கல் வரிசை உள்ள மோதிரத்தில் கவ்வி நுனி சேர்க்க அது பெரிய வசதி. இல்லையென்றால் செய்ய முடியாது என்று அர்த்தமில்லை. கை தேர்ந்தவர் டார்ச்சிலும் நன்றாகச் செய்வார்.

உங்கள் மோதிரத்தில் சைஸ் வேலை பற்றிக் கொஞ்சம் விவரமாகச் சொல்ல வேண்டும். வளையத்தின் அடிப்பக்கத்தை அறுத்து, ஒரு துண்டு சேர்த்து, பற்றவைத்து வட்டமாக்குவார்கள். வட்டம் பெரிதாகும்போது மேல்பக்கத்தின் வளைவு கொஞ்சம் நிமிரும். அங்கே பதித்திருக்கும் பொடிக்கற்களின் பிடி அப்போதுதான் தளரும். அமெரிக்க சைஸ் கணக்கில் ஒரு சைஸ் பெரிதாக்குவதென்றால் சுற்றளவில் இரண்டரை மில்லிமீட்டர் கூடும், அது பரவாயில்லை. இரண்டு சைஸுக்கு மேல் போனால் பக்கக் கற்களை ஒவ்வொன்றாகச் சோதித்துத் திரும்ப இறுக்கும் வேலையும் சேரும், அதையும் பேசி வையுங்கள். கல் பதித்த மோதிரத்தை அறுக்காமல் கருவியில் போட்டு இழுத்தே பெரிதாக்கித் தருகிறேன் என்றால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். வளையம் மெலியும், கற்கள் தெறிக்கும். விரலை அளப்பதும் ஒரே நேரத்தில் வேண்டாம். காலையில் ஒருமுறை, சாயங்காலம் ஒருமுறை, வெயில் நேரத்தில் ஒருமுறை அளந்து பாருங்கள். வெப்பத்தில் வீங்கிய விரலுக்கு மோதிரத்தைப் பெரிதாக்கிவிட்டுக் குளிர்காலத்தில் கழன்று விழுந்து தொலைத்தவர்கள் உண்டு. வளையம் முழுக்கச் சுற்றிலும் கல் பதித்திருந்தால் சைஸ் மாற்றவே முடியாது, உங்களுடையது அப்படி இல்லை.

கவ்வி விஷயத்தில் இறுக்கினால் போதுமா, நுனி சேர்க்க வேண்டுமா என்பதை லூப்பில் நீங்களே பார்த்து முடிவு செய்யலாம். நுனி கல்லின்மேல் உருண்டையாகப் படிந்திருந்தால் நலம். தட்டையாகத் தகடு போல் மெலிந்திருந்தால், எத்தனை முறை அழுத்தினாலும் பிடிக்காது, உலோகம் சேர்க்கத்தான் வேண்டும். எல்லாக் கவ்வியும் மெலிந்திருந்தால் ஒவ்வொன்றாகச் சேர்ப்பதைவிடத் தலைப்பகுதியையே மாற்றுவது பல வருடத்துக்குத் தாங்கும். இரண்டு வருட மோதிரத்துக்கு அந்த நிலை வந்திருக்காது. திருமண மோதிரத்தைப் பக்கத்திலேயே சேர்த்துப் போடுகிறீர்கள் என்றால் இரண்டும் உரசும் பக்கத்தை மட்டும் தனியாகப் பார்க்கச் சொல்லுங்கள், அங்கேதான் தேய்மானம் வேகமாக இருக்கும்.

வேலை முடிந்ததும் ரோடியம் முலாம் போடச் சொல்லுங்கள். வெள்ளைத் தங்கத்தின் பளிச்சென்ற வெண்மை அந்த முலாமால்தான் வருகிறது. ஓரிரு வருடத்தில் தேய்ந்து அடியில் லேசான மஞ்சள் தெரியும், அது குறையில்லை. சைஸ் மாற்றிய இடத்தை மறைக்கவும் முலாம் வேண்டும். மெருகு மட்டும் அளவோடு போடச் சொல்லுங்கள். ஒவ்வொரு மெருகிலும் கொஞ்சம் தங்கம் போகிறது, உள்ளே பெயரோ தேதியோ பொறித்திருந்தால் அந்த எழுத்தும் மெலியும். எழுத்து இருக்கிறது என்று ரசீதிலேயே எழுதிவிட்டால் அவர்களே கவனமாக இருப்பார்கள்.

திரும்ப வாங்கும்போது பெட்டியை மூடி வாங்கிக்கொண்டு வந்துவிடாதீர்கள், பத்து நிமிடம் ஒதுக்குங்கள். முதலில் கல்லின் எண்ணையோ உள்குறையையோ பார்த்து உறுதி செய்யுங்கள். பக்கக் கற்களை எண்ணுங்கள். நடுக்கல் கோணாமல் நேராக நிற்கிறதா என்று மேலிருந்து பாருங்கள். பருத்தித் துணி ஒன்றைக் கவ்விகளின்மேல் நாலு திசையிலும் இழுத்துப் பாருங்கள், நூல் மாட்டக் கூடாது. காதருகே தட்டிப் பாருங்கள். வளையத்தின் உள்பக்கம் ஒட்டிய இடத்தில் விரலை ஓட்டிப் பார்த்தால் மேடோ பள்ளமோ தட்டுப்படக் கூடாது. 750 அல்லது 585 முத்திரை அப்படியே இருக்கிறதா? விரலில் போட்டால் மூட்டைத் தாண்டும்போது கொஞ்சம் தடுத்து, பிறகு நன்றாக உட்கார வேண்டும். செய்த வேலைக்கு எத்தனை மாதம் பொறுப்பேற்பார்கள் என்று எழுதி வாங்கிக்கொள்ளுங்கள், அந்த ரசீதைப் பழைய கடையின் தாள்களோடு சேர்த்து வையுங்கள். அடுத்து இந்த மோதிரத்தை எந்தத் தொழிலாளி கையில் எடுத்தாலும், இதற்கு முன் எங்கே நெருப்பு பட்டது என்று முதலில் தேடுவார். அந்தத் தாள் அவருக்குப் பதில் சொல்லும்.

நடுவில் வீட்டில் சுத்தம் செய்வதென்றால் வெதுவெதுப்பான நீர், பாத்திரம் கழுவும் மென்மையான சோப்பு இரண்டு சொட்டு, குழந்தைகளுக்கான பிரஷ் போதும். வைரம் எண்ணெய்ப்பசையை இழுத்து ஒட்டிக்கொள்ளும் கல். மங்கிவிட்டது என்று கடைக்கு வருபவை பல நேரம் அடிப்பக்கம் அழுக்கு சேர்ந்தவைதான். ஆனால் உங்கள் மோதிரத்தை இப்போது தேய்க்க வேண்டாம். கவ்வி சரியாகும் வரை அந்தப் பைக்குள்ளேயே இருக்கட்டும்.